வெள்ளம் ஏறுன ஆபீஸுக்கு பொங்கலுக்குள்ள பெயின்ட் அடிக்காதீங்க

ஆபீஸ்ல தண்ணி ஏறி இறங்குச்சுன்னா எல்லாரும் முதல்ல கேக்குற கேள்வி எப்ப தொறக்கலாம்ங்கிறது, ரெண்டாவது எப்ப பெயின்ட் அடிக்கலாம்ங்கிறது. நம்ம நெல்லை பக்கம் பெரிய வெள்ளம் வாரதே ஐப்பசி கார்த்திகை மார்கழிலதான், அடுத்தாப்ல பொங்கல் வந்து நிக்கும், பொங்கலுக்கு வெள்ளையடிக்காம இருக்க யாருக்கும் மனசு வராது. 2023 டிசம்பர் 17, 18ல காயல்பட்டினத்துல ஒரே நாள்ல 95 சென்டிமீட்டர் மழை கொட்டி, தாமிரபரணி கரை தெரியாம ஓடுச்சே, அப்ப ஜங்ஷன், மீனாட்சிபுரம், வண்ணார்பேட்டை, கொக்கிரகுளம்னு எத்தனையோ ஆபீஸ்ல தண்ணி புகுந்துச்சு. அதுக்கும் பொங்கலுக்கும் நடுவுல நாலு வாரம்தான். அந்த நாலு வாரத்துக்குள்ள அவசரமா புட்டி (சுவர மழுமழுன்னு ஆக்குற பூச்சு) வச்சு எமல்ஷன் பெயின்ட் அடிச்ச சுவரெல்லாம் பங்குனி சித்திரைல கொப்புளம் கொப்புளமா கெளம்பி உதிர ஆரம்பிச்சுட்டு. கட்டட ரிப்பேர் வேலை பாக்குற இஞ்சினியர்ங்கிற முறைல அந்தச் சுவரையெல்லாம் மறுபடி சொரண்ட வச்சது நான்தான், அண்ணாச்சிமார் ரெண்டு தடவ காசு செலவழிக்கிறத பாக்க வயித்தெரிச்சலா இருக்கும், அதான் எழுதுதேன்.

முதல்ல கரண்டு. தண்ணி வடிஞ்சிட்டேன்னு ஷட்டர தூக்கிட்டு நேரா உள்ள போயி மெயின் சுவிட்ச தொடாதீங்க. தரைல ஈரம் நிக்கும்போது நீங்க நிக்கிற இடமே ஆபத்து. மீட்டர் போர்டு வரைக்கும் தண்ணி ஏறியிருந்தா ஈபிக்கு சொல்லி வெளிய போஸ்ட்ல இருந்தே சப்ளைய நிறுத்தச் சொல்லுங்க, மின்னகம் நம்பர் 94987 94987. இன்வெர்ட்டர், யுபிஎஸ் இருக்கிறத நெறய பேரு மறந்துருதாங்க, ஈபி நின்னாலும் பேட்டரில இருந்து லைன்ல கரண்டு இருக்கும். தண்ணிக்குள்ள முங்குன எம்சிபி, ஆர்சிசிபி (லோடு கூடுனாலோ கரண்டு கசிஞ்சாலோ தானா லைன நிறுத்துற சுவிட்சுக), சாதா சுவிட்சு, பிளக்கு எதையும் காய வச்சு மாட்டாதீங்க, மாத்திருங்க, உள்ள வண்டல் போயிருக்கும், டிரிப் ஆக வேண்டிய நேரத்துல டிரிப் ஆகாது. சுவருக்குள்ள ஓடுற பைப்புல தண்ணி தேங்கி நிக்கும், அதனால எலக்ட்ரீசியன மெகர் (ஒயர்ல இருந்து கரண்டு கசியுதான்னு பாக்குற மீட்டர்) வச்சு டெஸ்ட் பண்ணச் சொல்லி, ஒரு மெகா ஓமுக்கு மேல ரீடிங் வந்த பெறகுதான் லைன் கொடுக்கணும்.

அடுத்து போட்டோ. எதையும் வெளிய தூக்கிப் போடுறதுக்கு முன்னாடி தண்ணி நின்ன கோடு தெரியுற மாதிரி எல்லாச் சுவரையும், எல்லா மெஷினையும் சீரியல் நம்பரோட எடுத்துருங்க. சின்ன தொழிலுக்கு 2021ல இருந்து பாரத் சூக்ஷ்ம உத்யம் சுரக்ஷான்னு ஒரு பாலிசி இருக்கு, அஞ்சு கோடி வரைக்கும் மதிப்புள்ள தொழிலுக்கு, அதுல வெள்ளமும் சேர்த்தி. லோனுக்காக பேங்க்ல போட்ட இன்சூரன்ஸ் இருக்குறதே தெரியாம இருக்கிறவங்க உண்டு, பழைய ஃபைல புரட்டிப் பாருங்க. இன்சூரன்ஸ் கம்பெனிக்கு அன்னைக்கே மெயில் போட்டுருங்க, சேதத்த மதிப்பு போடுற சர்வேயர் வாரதுக்குள்ள குப்பைய ஏத்தி அனுப்பிறாதீங்க.

சகதிய ஈரமா இருக்கும்போதே தள்ளி வெளியேத்தணும். காஞ்சிட்டுன்னா டைல்ஸ் சந்துல சிமென்ட் மாதிரி இறுகிப்போவும், பெறகு வாரியலுக்கும் வராது வைப்பருக்கும் வராது. வேலை செய்யுறவங்களுக்கு கம்பூட்டும் கையுறையும் வாங்கிக் கொடுங்க, வெள்ளத் தண்ணில எலி மூத்திரம், சாக்கடை எல்லாம் கலந்துதான் வந்துருக்கும், எலிக்காய்ச்சல் கால்ல இருக்கிற சின்னப் புண்ணு வழியாவே ஏறும். கழுவி முடிச்சு ரெண்டு மூணு நாள்ல காய்ச்சலும் கெண்டைக்கால் வலியும் வந்தா மெடிக்கல்ல மாத்திரை வாங்கிப் போட்டுட்டு படுக்காம ஆஸ்பத்திரிக்குப் போகச் சொல்லுங்க, ரெண்டு மூணு வாரம் கழிச்சு வந்தாலும் அப்படித்தான், வெள்ளத் தண்ணில வேலை பாத்தேன்னு டாக்டர்கிட்ட மறக்காம சொல்லணும். பிளீச்சிங் பவுடர் போடுத இடத்துல பாத்ரூம் கழுவுற ஆசிட்ட ஊத்தவே ஊத்தாதீங்க, குளோரின் கேஸ் வரும், மூடுன ரூம்ல அது உயிருக்கே ஆபத்து.

பூசணம் பிடிக்க ஒரு நாள் ரெண்டு நாளு போதும். அதனால எத வச்சுக்கிறது எத விடுறதுன்னு சீக்கிரம் முடிவெடுக்கணும். பார்ட்டிகிள் போர்டு டேபிள், குஷன் சேர், கார்பெட்டு இதெல்லாம் சாக்கடைத் தண்ணில ஊறிட்டுன்னா போனதுதான், காய வச்சாலும் வீச்சம் போகாது. ஜிப்சம் பார்ட்டிஷன் தண்ணிய மேல மேல உறிஞ்சும், தண்ணி கோட்டுக்கு ஒரு அடி மேல வரைக்கும் அறுத்து எடுத்துருங்க. இரும்பு பீரோ, தேக்கு மேஜை, பிளாஸ்டிக் சேர் பொழைச்சிக்கிடும்.

ஃபைலுங்க விஷயத்துல கொஞ்சம் நிதானம் வேணும். ஆடிட்டர் ஆபீஸ், வக்கீல் ஆபீஸ், சொசைட்டின்னு எங்க போனாலும் நனைஞ்ச ரிஜிஸ்டர மொட்டை மாடில வெயில்ல விரிச்சுப் போட்டுருப்பாங்க. வெயில்ல தாள் சுருண்டு மை வெளுத்துரும். ஒட்டிக்கிட்ட பக்கத்த பிரிச்சாலும் கிழிஞ்சுரும். நிழல்ல, ஃபேன் காத்துல, பக்கத்துக்கு நடுவுல வெள்ளைத்தாள் வச்சு காய விடுங்க, தினசரி பேப்பர் வேண்டாம், அந்த மை ஒட்டும். அளவு கூடுதல்னா எல்லாத்தையும் ஒரே நாள்ல காய வைக்க முடியாது, பாலிதீன் கவர்ல கொஞ்சம் கொஞ்சமா போட்டு ஃப்ரீசர்ல வச்சுருங்க, உறைஞ்சு போன தாள்ல பூசணம் வளராது, பெறகு பைய ஒவ்வொரு கட்டா எடுத்துக் காய வைக்கலாம். ஐஸ்கிரீம் கடை ஃப்ரீசர் போதாதுன்னா தூத்துக்குடில மீன் ஏத்துமதி பண்ணுறவங்களோட கோல்டு ஸ்டோரேஜ் இருக்கு, கேட்டுப் பாக்கலாம். கிரயப் பத்திரம் நாசமாப் போயிருந்தா மனசு உடைஞ்சிராதீங்க, சார்பதிவாளர் ஆபீஸ்ல சர்டிஃபைடு காப்பி வாங்கலாம்.

கம்ப்யூட்டர ஆன் பண்ணிப் பாக்கவே கூடாது. வேலை செய்யுதான்னு ஒரு தடவ பாப்போம்னு போடுத அந்த ஒரு சுவிட்சுலதான் ஹார்டு டிஸ்க் போகும். அரிசிக்குள்ள பொதைக்கிறது, ஹேர் டிரையர் காட்டுறது எதுவும் வேண்டாம், டாலில இருக்கிற கணக்கு வழக்கு டேட்டா முக்கியம்னா டிஸ்க்க கழட்டி ஈரத்தோடயே கவர்ல போட்டு டேட்டா ரெக்கவரி பண்ணுற ஆளுகிட்ட கொண்டு போங்க.

இனி சுவருக்கு வாரேன். தொட்டுப் பாத்தா காஞ்ச மாதிரிதான் இருக்கும், ஓதம் உள்ள நிக்கும். செங்கல் சுவர் காய ஒரு இஞ்சுக்கு ஒரு மாசம்னு கட்டட வேலைல ஒரு பழைய கணக்கு உண்டு. ஒன்பது இஞ்ச் சுவரு ரெண்டு பக்கமும் காத்து பட்டாலே நாலஞ்சு மாசம் ஆயிரும், ஒரு பக்கம் பக்கத்துக் கடைச் சுவரோட ஒட்டியிருந்தா இன்னும் கூட. அதுக்கு மேல புட்டியும் எமல்ஷனும் போட்டா ஈரத்துணிய பாலிதீன் கவர்ல கட்டி வச்ச கதைதான், உள்ள இருக்கிற தண்ணி உப்பையும் சேத்துக்கிட்டு வெளிய வரப் பாக்கும், வர வழி இல்லாம பெயின்ட்ட தள்ளும். அதனால தண்ணி கோட்டுக்கு ஒரு முழம் மேல வரைக்கும் பழைய பெயின்ட்ட சொரண்டி எடுத்துட்டு, தட்டிப் பாத்து பொத்தலாச் சத்தம் கேக்குற பூச்சையும் கொத்தி எடுத்துட்டு, சுவர அம்மணமாவே விட்டுருங்க. பாக்க நல்லா இருக்காதுதான், வாரவங்க கேப்பாங்க, சொல்லிக்கிடுங்க. வெள்ளையா பூக்குற உப்ப தண்ணி ஊத்திக் கழுவாதீங்க, காஞ்ச பிரஷ்ஷால தட்டி வாரி எடுத்துருங்க.

ஜன்னலத் தொறந்து போட்டா காஞ்சிரும்னு நினைக்காங்க. மார்கழில மழை மூட்டமா இருக்கிற அன்னைக்கு வெளிக்காத்துலயே ஈரம் கூடுதல், தொறந்தா அது உள்ளதான் வரும். அந்த மாதிரி நாள்ல ஒயரிங் டெஸ்ட் முடிஞ்சிருந்தா கதவ அடச்சு ஏசிய டிரை மோடுல போட்டு, ஃபேன சுவர் ஓரமா ஓட விடுங்க. ஏசி டிரெயின் பைப்ப ஒரு வாளிக்குள்ள விட்டு தெனமும் எவ்வளவு தண்ணி சேருதுன்னு பாருங்க, குறைய குறைய ரூம் காயுதுன்னு அர்த்தம். வெயில் அடிச்சு காத்து வறண்டு வீசுற நாள்ல எல்லாத்தையும் தொறந்து போடுங்க. தை பெறந்த பெறகு நம்ம ஊர் வெயிலும் காத்தும் செய்யுற வேலைய எந்த மெஷினும் அவ்வளவு சல்லிசா செய்யாது.

பொங்கலுக்கு ஏதாவது அடிச்சே ஆகணும்னா சொரண்டின சுவர்ல சுண்ணாம்பு அடிங்க. சுண்ணாம்பு ஈரத்த அடைச்சு வைக்காது, சுவரு மூச்சு விடும், செலவும் கம்மி. பெயின்ட்டுக்கு நாள் குறிக்கணும்னா பாலிதீன் ஷீட்ட ரெண்டு அடிக்கு ரெண்டு அடி வெட்டி, தரையில இருந்து ஒரு அடி உயரத்துல நாலு பக்கமும் டேப் போட்டு ஒட்டிட்டு மறுநாள் பாருங்க. உள்பக்கம் முத்து முத்தா தண்ணி கோத்திருந்தா இன்னும் பொறுங்க. ஒரு இடத்துல மட்டும் பாக்காதீங்க, மூலைல, பாத்ரூம் ஒட்டுன சுவர்ல, பீரோ நின்ன இடத்துல எல்லாம் ஒட்டிப் பாருங்க. அதுவரைக்கும் பீரோவ சுவர்ல இருந்து ஒரு ஜாண் தள்ளி வைங்க, ஆஸ்துமா, வீசிங் இருக்கிற ஸ்டாஃப் யாரையும் அந்தச் சுவர் ஓரம் உக்கார வைக்காதீங்க, அவங்களா கேக்கக் கூச்சப்படுவாங்க, நீங்களே எடத்த மாத்திக் கொடுத்துருங்க.