கோர்ட் ஆர்டரோடு போலீஸ் வந்தால்: மின்கோபுரம் வரும் நிலத்துக்காரர்களுக்கு

காலையில் இரண்டு வேன் போலீஸ், பின்னாலேயே பொக்லைன். "கோர்ட் ஆர்டர் இருக்கு, ஒதுங்குங்க." காங்கேயம் பக்கம் ஒரு தோப்பில் இதை நேரில் பார்த்தேன். அந்த ஆர்டரில் என்ன எழுதியிருக்கிறது என்று தோட்டக்காரருக்கு யாரும் காட்டவில்லை. மத்தியானத்துக்குள் தென்னைகள் சாய்ந்துவிட்டன.

சட்டம் சுருக்கமாக இதுதான். 2003 மின்சாரச் சட்டத்தின் 164-ஆம் பிரிவு, 1885 தந்திச் சட்டத்தின் அதிகாரங்களை மின்தொடரமைப்பு (உயர் அழுத்த மின்கம்பி இழுக்கும்) நிறுவனங்களுக்குக் கொடுக்க வழி செய்கிறது. கோபுரம் நட உங்கள் சம்மதம் தேவையில்லை. 2016-ல் உச்ச நீதிமன்றமும் அதையே சொல்லிவிட்டது. நீங்கள் தடுத்தால் தந்திச் சட்டத்தின் 16(1) பிரிவில் கலெக்டர் அனுமதி உத்தரவு போடலாம். அப்புறமும் வேலை நகரவில்லை என்றால் நிறுவனம் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டுப் போலீஸ் பாதுகாப்பு கேட்கும்.

அந்த மனுவில் பல நேரம் கலெக்டர், எஸ்.பி., இன்ஸ்பெக்டர் மட்டுமே எதிர்மனுதாரர்கள். நிலத்துக்காரர் பெயரே இருக்காது. அதனால்தான் வேன் வந்து நிற்கும்வரை உங்களுக்குத் தெரிவதில்லை. முதலில் ரிட் மனு எண்ணைக் கேளுங்கள். எண் இருந்தால் உயர் நீதிமன்ற இணையதளத்தில் உத்தரவைத் தேடி எடுக்கலாம். வழக்கு நிலுவையில் இருந்தால், உங்களையும் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லி வக்கீல் மூலம் உடனே மனு போடுங்கள்.

அடுத்தது, கலெக்டர் உத்தரவு. அதன் தேதி என்ன, உங்கள் சர்வே எண் அதில் இருக்கிறதா என்று பாருங்கள். கேட்டால் கலெக்டர் ஆபீஸ் நிறுவனத்தைக் காட்டும், நிறுவனம் தாசில்தாரைக் காட்டும், தாசில்தார் விஏஓவைப் பார்க்கச் சொல்வார். இந்த அலைச்சலிலேயே ஒரு வாரம் போய்விடும். தகவல் உரிமை மனுவுக்கு 30 நாள் ஆகும், மரம் அதுவரை நிற்காது. எழுத்தில் மனு கொடுத்து, முத்திரை போட்ட ரசீது வாங்குங்கள். கலெக்டர் விசாரணைக்கு அழைத்தால் கோபத்தில் போகாமல் இருந்துவிடாதீர்கள்.

போலீஸ் பாதுகாப்பு உத்தரவு என்பது வேலைக்குத் தடை வராமல் பார்த்துக்கொள்ளத்தான். இழப்பீடு எவ்வளவு என்று அது தீர்மானிப்பதில்லை. இன்ஸ்பெக்டர் சொன்னார் என்பதற்காக எந்தத் தாளிலும் கையெழுத்துப் போட வேண்டாம். அதே சமயம் பொக்லைன் முன்னால் படுக்காதீர்கள். கலெக்டர் உத்தரவை மீறித் தடுத்தால் வழக்கு. கடமையில் இருக்கும் அரசு ஊழியர் மேல் கை ஓங்கினால் பாரதிய நியாய சன்ஹிதாவின் (பழைய ஐபிசிக்குப் பதிலாக வந்த சட்டம்) 132-ஆம் பிரிவு, அதில் ஜாமீன் உரிமையாகக் கிடைக்காது. வேலைக்கு முயற்சி செய்யும் பையன்களை முன்னால் நிறுத்தாதீர்கள், தயவுசெய்து.

நிறையப் பேர் ஏமாறுவது மகஜரில்தான், அதாவது சேதமாகும் மரம், பயிரை அந்த இடத்திலேயே எழுதிக் கையெழுத்து வாங்கும் தாளில். வெட்டுவதற்கு முன்பே ஒவ்வொரு மரத்தையும் எண்ணி வீடியோ எடுங்கள். அடங்கலில் (விஏஓவின் பயிர்க் கணக்கு) பயிரும் மரமும் சரியாக ஏறியிருக்கிறதா என்று இன்றே பாருங்கள். அடங்கல் தரிசு என்று காட்டினால், காய்க்கிற தோப்புக்கும் கணக்கு குறையும். வெற்று மகஜரில் கையெழுத்து கூடவே கூடாது. காசோலை வாங்கும்போது "தொகை போதாது என்ற ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதுங்கள். "முழுத் திருப்தி" என்று அச்சடித்த வரி இருந்தால் அடித்துவிடுங்கள்.

பட்டா இறந்துபோன தாத்தா பெயரில் இருக்கிறதா? பங்காளிகளுக்குள் தகராறு என்று சொல்லிப் பணத்தை மாவட்ட நீதிமன்றத்தில் கட்டிவிடுவார்கள். வாரிசுச் சான்றிதழுக்கும் பட்டா மாற்றத்துக்கும் அளவீட்டுக் கல் நடும்போதே ஓடுங்கள்.

தொகையைப் பொறுத்தவரை, மத்திய மின் அமைச்சகத்தின் 2015 வழிகாட்டுதல் கோபுர இடத்துக்கு நில மதிப்பில் 85 சதவீதமும், கம்பிப் பாதைக்கு அதிகபட்சம் 15 சதவீதமும் சொன்னது. 2024 ஜூன் வழிகாட்டுதலில் அது 200, 30 என்று உயர்ந்தது. பயிர், மரச் சேதம் தனி. ஆனால் இவை வழிகாட்டுதல்கள்தான். உங்கள் பாதைக்கு எது பொருந்தும் என்பதைக் கலெக்டரிடம் எழுத்தில் வாங்குங்கள். வாய்ப்பேச்சில் பழைய விகிதத்தைச் சொல்லி முடிக்கப் பார்ப்பார்கள்.

தொகை போதவில்லை என்றால் தந்திச் சட்டத்தின் 16(3) பிரிவில் மாவட்ட நீதிபதியிடம் போகலாம். நிலம் எங்கே இருக்கிறது, கம்பி எவ்வளவு தூரம், சின்னத் துண்டு நிலத்தின் மேல் போகிறதா என்பதையெல்லாம் பார்த்தே இழப்பீடு முடிவாக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2007-ல் சொல்லியிருக்கிறது. இதற்கு மூன்று ஆண்டுதான் கெடு. அதுவும் 1976-லேயே உச்ச நீதிமன்றம் முடிவு செய்த விஷயம். "ஃபைல் மேலே போயிருக்கு, வந்துடும்" என்று ஆபீஸில் சொல்வதை நம்பி இந்த மூன்று ஆண்டைத் தொலைத்தவர்களைத்தான் நான் அதிகம் சந்தித்திருக்கிறேன். மரம் வெட்டிய தேதியை எழுதி வைத்து, அன்றிலிருந்தே எண்ணத் தொடங்குங்கள்.