பயந்து நிற்பவரைக் கத்தி விரட்டாதீர்கள்

கொடைக்கானல் பக்கம் வட்டக்கானலிலிருந்து டால்பின் நோஸ் பாறைமுனைக்கு இறங்கும் பாதையில் போன வாரமும் அதே கதைதான். மரவேர்கள் படிபோலப் பின்னிக் கிடக்கும் சரிவில் ஒரு பெண் அசையமுடியாமல் நின்றுவிட்டார். சுற்றி நின்ற நண்பர்கள், "ஒண்ணும் ஆகாது, வா வா!" என்று கத்துகிறார்கள். ஒருவர் வீடியோ வேறு எடுக்கிறார். வழிகாட்டியாக இதைப் பார்த்துப் பார்த்து மனசு நொந்துதான் எழுதுகிறேன்.

கத்தி உசுப்பேற்றினால் தைரியம் வருமாம். கயிறு இழுக்கும் போட்டியில் வரலாம். கால் வைக்க இடம் தேடும் சரிவில் வராது. கொஞ்சம் படபடப்பு இருந்தால் கவனம் கூடும். அளவு மீறினால் அதுவே காலை வாரிவிடும். அந்த அளவும் வேலைக்கு வேலை மாறும். 1908இலேயே யெர்க்ஸ், டாட்சன் என்ற அமெரிக்க ஆய்வாளர்கள் சுண்டெலிகளிடம் இதைக் கண்டார்கள். வெள்ளைப் பெட்டியையும் கறுப்புப் பெட்டியையும் பிரித்தறிவது சுலபமாக இருந்தவரை, மின் அதிர்ச்சி கூடக்கூட அவை சீக்கிரம் கற்றன. பிரித்தறிவது கடினமானதும் மிதமான அதிர்ச்சிதான் உதவியது.

நின்றுபோனவருக்குப் படபடப்பு ஏற்கெனவே எல்லை தாண்டிவிட்டது. பார்வை குறுகி, ஒரு சாண் தள்ளியிருக்கும் நல்ல பிடிகூடக் கண்ணில் படாது. தொடை நடுங்கும். உங்கள் சத்தம் அதை இன்னும் ஏற்றத்தான் செய்யும்.

இது கோழைத்தனம் இல்லை, தயவுசெய்து புரிந்துகொள்ளுங்கள். கீழே இருக்கும் வெள்ளகவி கிராமத்துக்காரர்கள் இதே வழியில் சுமையோடு போய்வருகிறார்கள் என்றால், அவர்கள் காலுக்கு இது பழகிய வேலை. பழகாதவருக்குக் கடினமான வேலை. ஜிம்மில் உடம்பை முறுக்கேற்றிய பையன்களும் இங்கே உறைந்துபோய் நிற்பதுண்டு.

சரி, என்ன செய்யலாம்? ஒருவர் மட்டும் பேசுங்கள், தணிந்த குரலில். செல்போனைப் பையில் போடுங்கள். உட்காரவைத்து, மூச்சை இழுப்பதைவிட விடுவது நீளமாக இருக்கும்படி சில தடவை செய்யச் சொல்லுங்கள். "கீழே பார்க்காதே" என்று சொல்லவே சொல்லாதீர்கள். காலடியைப் பார்க்காமல் எப்படி இறங்குவது? "இடது காலை அந்த வேரில் வை", அவ்வளவு போதும். அது முடிந்தபின் அடுத்தது. அப்புறமும் வேண்டாம் என்றால் மேலே கூட்டிப்போய்விடுங்கள்.

இதற்கு நேர்மாறான ஆபத்து திரும்பும்போது. பாறையில் படமெடுத்தாயிற்று, இனி என்ன என்று மனம் தளர்ந்துவிடும். களைப்பும் சேர்ந்துகொள்ளும். கணுக்கால் பிசகுவது பெரும்பாலும் அப்போதுதான், அதுவும் சுலபமான இடத்தில். கிளம்புமுன் ஐந்து நிமிடம் உட்காருங்கள். தண்ணீர் குடியுங்கள், ஷூ நாடாவை இறுக்கிக் கட்டுங்கள், ஈர வேரில் மிதிக்காதீர்கள் என்று குழுவில் ஒருவர் சத்தமாகவே நினைவூட்டுங்கள். அங்கே சத்தம் தேவைதான்.