பயோலுமினசென்ஸ்: தமிழில் உயிரொளிர்வு

கடலோரச் சுற்றுலா விளம்பரங்களில் 'பயோ பே' (பே என்றால் விரிகுடா) என்ற பெயரை இப்போது அடிக்கடி பார்க்கலாம். நிலா இல்லாத இரவில் சின்னப் படகில் போய், துடுப்பு பட்ட இடமெல்லாம் நீலமாக மின்னும் நீரைப் பார்த்துவிட்டு வருகிற பயணம் அது. பயோடேட்டாவில் வருகிற அதே 'பயோ'தான் இதுவும், கிரேக்கத்தில் உயிர், வாழ்வு என்று பொருள். பயோலுமினசென்ஸ் என்ற நீளமான சொல்லை முழுதாகச் சொல்ல அலுப்பாக இருந்ததால் பாதியை வெட்டிவிட்டார்கள். வெட்டியதில் ஒளி போய் உயிர் மட்டும் மிஞ்சியிருக்கிறது என்பது தனிக் கதை.

இதற்குத் தமிழில் உயிரொளிர்வு என்ற சொல் இருக்கிறது. ஓர் உயிரினம் தன் உடம்புக்குள் நடக்கும் வேதிவினையால் தானே ஒளியை உண்டாக்குவது என்பது பொருள். இதில் 'தானே' என்பதைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ள வேண்டும். இருட்டில் பூனையின் கண் பளபளப்பது உயிரொளிர்வு இல்லை, எங்கிருந்தோ வந்த வெளிச்சத்தை அது திருப்பி அனுப்புகிறது, அவ்வளவுதான். புற ஊதா விளக்கைக் காட்டினால் தேள் பச்சையாகத் தெரியுமே, அதுவும் இல்லை; விளக்கை அணைத்தால் தேளும் அணைந்துவிடும். மின்மினி, ஆழ்கடல் தூண்டில்மீனின் தூண்டிலில் குடியிருக்கும் பாக்டீரியாக்கள், சிலவகைக் காளான்கள், கடலில் மிதக்கும் எண்ணற்ற நுண்ணுயிர்கள் ஆகியவைதான் உண்மையான உயிரொளிர்வுக்காரர்கள்.

சரி, சொல் எங்கிருந்து வந்தது? 'லுமென்' லத்தீன், ஒளி என்று பொருள். வால்பகுதியான 'எசென்ஸ்' நாம் பாயசத்தில் ஊற்றும் எசென்ஸ் இல்லை; ஒரு நிலையை மெல்ல அடைவதைக் காட்டும் லத்தீன் விகுதி. சூடு ஏறாமலே பொருள்கள் ஒளி விடுவதற்கு ஒரு பொதுப்பெயர் வேண்டும் என்று லுமினசென்ஸ் என்ற சொல்லை 1888இல் உண்டாக்கியவர் ஜெர்மன் இயற்பியலாளர் ஐல்ஹார்ட் வீடெமான். அதன் முன்னால் 'பயோ'வை ஒட்டியது பிற்பாடு நடந்தது. ஆக தலை கிரேக்கம், உடம்பு லத்தீன். 20ஆம் நூற்றாண்டின் முதல் பாதியில் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தின் நியூட்டன் ஹார்வி இந்தத் துறைக்கே வாழ்நாளைக் கொடுத்தார், ஒளிவிடும் கடல் பாக்டீரியா ஒன்றுக்கு விப்ரியோ ஹார்வேயி என்று அவர் பெயரே இருக்கிறது.

அதற்கு முன்பு இந்த ஒளியை பாஸ்பரசென்ஸ் என்றுதான் சொல்லி வந்தார்கள், குழப்பம் தொடங்கும் இடமும் அதுதான். 1669இல் ஹென்னிக் பிராண்ட் என்ற ரசவாதி மூத்திரத்தைக் காய்ச்சிக் காய்ச்சி இருட்டில் ஒளிரும் ஒரு பொருளை எடுத்தார், அதுதான் பாஸ்பரஸ். ஒளியைத் தாங்கி வருவது என்று கிரேக்கத்தில் பொருள். அப்புறம் இருட்டில் தானாக ஒளிர்கிற எதைப் பார்த்தாலும் பாஸ்பரஸ் பெயர் ஒட்டிக்கொண்டது. 1830களில் தென் அமெரிக்கக் கரையோரம் இருண்ட இரவொன்றில் கப்பலில் போன டார்வின், கப்பலின் முன்முனை கிழித்த அலைகள் திரவப் பாஸ்பரஸ் போல இருந்ததாகவே எழுதி வைத்தார். வேடிக்கை என்னவென்றால் பாஸ்பரஸ் ஒளிர்வதும் பாஸ்பரசென்ஸால் இல்லை, காற்றிலுள்ள ஆக்சிஜனோடு அது வினைபுரிவதால்.

பாஸ்பரசென்ஸை நம் பாடநூல்கள் நின்றொளிர்தல் என்கின்றன. எனக்கு மிகவும் பிடித்த கலைச்சொற்களில் ஒன்று இது. வெளிச்சத்தை வாங்கி வைத்துக்கொண்டு, விளக்கை அணைத்த பிறகும் நின்று ஒளிர்வது. சுவரில் ஒட்டும் நட்சத்திர ஸ்டிக்கர் செய்வது அதைத்தான். கடல் அப்படிச் செய்வதில்லை. பகலில் நல்ல வெயில் இருந்தால் இரவில் நன்றாக மின்னும் என்று படகு வழிகாட்டிகள் சொன்னால் அதில் உண்மை இருக்கிறது, ஆனால் காரணம் வேறு. ஒளிரும் நுண்ணுயிர்களில் பலவும் செடிகளைப் போல வெயிலில் உணவு தயாரிப்பவை, பகலில் நன்றாகச் சாப்பிட்டவற்றுக்கு இரவில் தெம்பு இருக்கும். வாங்கி வைத்த வெயில் அப்படியே திரும்பி வருவதில்லை. அதனால் ஒளிரும் கடலை நின்றொளிர்தல் என்று எழுதினால் அது சுத்தமாகத் தப்பு, பழைய மொழிபெயர்ப்புகளில் பார்த்தால் திருத்தி வாசித்துக்கொள்ளுங்கள்.

வேதிவினைக்கு வருவோம். 1880களில் பிரெஞ்சு அறிஞர் ரஃபேல் துபுவா, பாறையைத் துளைத்து வாழும் ஒளிரும் சிப்பியை எடுத்து, ஒரு பங்கைக் குளிர்ந்த நீரிலும் இன்னொரு பங்கைச் சுடுநீரிலும் கரைத்தார். குளிர்ந்த கரைசல் கொஞ்ச நேரம் ஒளிர்ந்து அணைந்தது, சுடுநீர்க் கரைசல் ஆறிய பிறகும் இருட்டாகவே இருந்தது, இரண்டையும் கலந்ததும் மறுபடி ஒளி வந்தது. சூட்டில் கெடாத ஒரு பொருளும், சூட்டில் கெட்டுப்போகும் ஒரு நொதியும் சேர்ந்தால்தான் ஒளி என்று அவர் முடிவு கட்டினார். முதலாவதற்கு லூசிஃபெரின், இரண்டாவதற்கு லூசிஃபெரேஸ் என்று பெயர் வைத்தார். லூசிஃபர் என்றதும் சாத்தான்தான் நினைவுக்கு வருவார், ஆனால் லத்தீனில் அது விடிவெள்ளியின் பெயர், பொருள் ஒளிதாங்கி. கிரேக்கர்கள் அதே விடிவெள்ளியை பாஸ்பரஸ் என்றார்கள். பழைய பெயரும் புதிய பெயரும் ஒரே நட்சத்திரத்தில் போய் முட்டுகின்றன, அதுவும் உண்மையில் கோள்!

இப்போது நீருக்குள் கையை விடுங்கள். விரல் நுனியைச் சுற்றி நீலப் பொறி எழும், கையை வெளியே எடுத்தால் முழங்கையை நோக்கி வழியும் துளிகளில் ஒன்றிரண்டு பொறிகள் மின்னி மறையும், அடுத்த கணம் வெறும் ஈரம்தான். ஒவ்வொரு பொறியும் ஓர் உயிர். பெரும்பாலும் டைனோஃபிளாஜெல்லேட் எனப்படும் ஒற்றைச் செல் மிதவையுயிர். நீரின் அசைவு அதன் மேல்சவ்வை அழுத்த, செல்லுக்குள் சட்டென்று அமிலத்தன்மை கூடி, லூசிஃபெரினும் லூசிஃபெரேஸும் ஆக்சிஜனோடு சேர்ந்து வினைபுரிகின்றன. ஒரு மினுக்கலுக்கு ஆகும் நேரம் ஏறக்குறைய பத்தில் ஒரு நொடி. தன்னைத் தின்ன வரும் சின்ன விலங்கைப் பெரிய மீனுக்குக் காட்டிக்கொடுக்கத்தான் இந்த வெளிச்சம் என்பது பரவலான விளக்கம், திருடனைப் பார்த்ததும் கூச்சல் போடுவது மாதிரி.

தமிழ்ச் சொல்லில் எனக்கு ஒரு சின்ன உறுத்தல் வருவதும் இங்கேதான். ஒளிர்தல் என்றால் நிலையாக வெளிச்சம் விடுவது, மின்னுதல் என்றால் பளிச்சிட்டு மறைவது. மின்னல், மின்மினி இரண்டுக்கும் அப்படித்தான் பெயர் வந்தது. அந்தக் கணக்கில் டைனோஃபிளாஜெல்லேட் செய்வது மின்னுதல். நிலையாக ஒளிர்பவை பாக்டீரியாக்கள். அவை பெருகிவிட்டால், யாரும் தொடாமலே, கடற்பரப்பு முழுவதும் இரவெல்லாம் வெளிறிய வெண்மையில் ஒளிரும். மாலுமிகள் நெடுங்காலமாகச் சொல்லி வந்த இந்தக் காட்சியை 1995இல் சோமாலியாவுக்கு அப்பால் ஒரு கப்பல் பதிவு செய்ய, அதே இரவின் செயற்கைக்கோள் படத்தைப் பிற்பாடு தேடி எடுத்து ஏறக்குறைய 15,400 சதுர கி.மீ. பரப்பு ஒளிர்ந்ததை 2005இல் உறுதி செய்தார்கள். ஆங்கிலத்தில் அதற்குப் 'பால்போன்ற கடல்' என்ற பெயர் உண்டு. நமக்கோ பாற்கடல் என்ற சொல் கைவசம் தயாராக இருக்கிறது. புராணத்தோடு குழம்பும் என்று யாராவது சொன்னால் குழம்பட்டும், இவ்வளவு பொருத்தமான சொல்லை விட்டுவிட்டுப் புதிதாக ஒன்றைத் தைக்க எனக்கு மனமில்லை. ஆகவே என் கட்சி: அறிவியல் பொதுப்பெயர் உயிரொளிர்வு, தொட்டால் பளிச்சிடுவது மின்னும் கடல், தொடாமல் வெளுப்பது பாற்கடல்.

பயணம் போகிறவருக்கும் இந்தப் பெயர் உதவும். 'ஒளிரும் தண்ணீர்' என்று மட்டும் விளம்பரம் செய்பவரிடம், எந்த உயிர் ஒளிர்கிறது என்று ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள். போர்ட்டோ ரிக்கோவின் வியெக்கஸ் தீவிலுள்ள மொஸ்கிட்டோ விரிகுடா என்றால் பைரோடினியம் பஹாமென்ஸ் என்ற டைனோஃபிளாஜெல்லேட் என்று பதில் வரும், வாய் குறுகிய விரிகுடா, சுற்றிலும் அலையாத்திக் காடு, அதனால் ஆண்டு முழுவதும் உயிர்கள் அங்கேயே தங்குகின்றன. ஜப்பானின் தொயாமா விரிகுடாவில் ஒளிர்வது மிதவையுயிரே இல்லை, மின்மினிக் கணவாய். வசந்த காலத்தில் மட்டும்தான் அது முட்டையிடக் கரையோரம் வரும். நியூசிலாந்தின் வைட்டோமோ குகைகளில் கூரையில் தொங்குவது ஒரு வகைக் கொசு போன்ற பூச்சியின் புழு, அந்தப் புழுக்கள் வெளிச்சத்தைக் காட்டி இரை பிடிக்கின்றன. பல திறந்த கடற்கரைகளில் மின்னுவது நாக்டிலூகா என்ற இன்னொரு டைனோஃபிளாஜெல்லேட், பெயரின் பொருளே இரவொளி. அது நிரந்தரமாகத் தங்குவதில்லை, பெருகும், ஒளிரும், கலையும். நாள் குறித்து உத்தரவாதம் தருகிறவரை நம்பாதீர்கள். அது அளவுக்கு மிஞ்சிப் பெருகினால் நீரில் ஆக்சிஜன் குறைந்து மீன் சாவதும் உண்டு, ஆகவே அழகாக இருக்கிறது என்பதாலேயே கடல் நலமாக இருக்கிறது என்று எடுத்துக்கொள்ளவும் முடியாது.

ஒளிர்வது உயிர் என்று தெரிந்துவிட்டால் விதிமுறைகளுக்குக் காரணம் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. மொஸ்கிட்டோ விரிகுடாவில் நீந்தத் தடை, ஏனென்றால் நம் தோலில் பூசிய கிரீமும் கொசுமருந்தும் அந்த ஒற்றைச் செல்களின் வீட்டில்தான் போய்க் கரையும். மோட்டார் படகைவிடத் துடுப்புப் படகு மேல். டார்ச்சும் கைபேசியும் உறையிலேயே இருக்கட்டும், கண் இருட்டுக்கு முழுதாகப் பழக அரை மணி நேரம் வரை ஆகும், ஒரு முறை திரையைப் பார்த்தால் மறுபடி முதலிலிருந்து. ஆமைக் குஞ்சுகள் கடலேறும் கரை என்றால் இன்னும் கண்டிப்பு வேண்டும், வெளிச்சம் தெரிகிற பக்கம்தான் கடல் என்று நம்பி அவை ஊர்ப்பக்கம் நடந்துவிடும். இன்னொன்று, படங்களில் பார்க்கிற அடர்நீலத்தை எதிர்பார்த்துப் போகாதீர்கள். கேமரா பல நொடிகள் திறந்திருந்து சேர்த்த வெளிச்சம் அது, மங்கல் வெளிச்சத்தில் நம் கண்ணுக்கு நிறம் சரியாகப் பிடிபடாது, பல நேரம் சாம்பல் கலந்த வெளிர்நீலமாகத்தான் தெரியும். ஆனால் படகுக்கடியில் ஒரு மீன் கூட்டம் பாய்ந்தால் அவை ஒவ்வொன்றின் பாதையும் ஒளிக்கோடாகத் தெரியும், மீன் தெரியாது. அதைப் படத்தில் பிடிப்பது பெரிய பாடு.

எழுதும் முறை பற்றிக் கடைசியாக. உயிர், ஒளிர்வு இரண்டையும் சேர்த்து உயிரொளிர்வு என்று ஒரே சொல்லாக எழுதுவதே நல்லது, பிரித்து எழுதினால் 'உயிர்' எழுவாய் போல நின்று வாசிப்பவரைத் தடுக்கி விடும். உயிரொளி என்று சுருக்குவதை நான் தவிர்ப்பேன், பக்திப் பாடல் வாடை அடிக்கிறது. அடைமொழியாக வேண்டுமென்றால் உயிரொளிர் விரிகுடா, உயிரொளிர் காளான் என்று சொல்லலாம். 'பயோ பே' என்று போட்டிருக்கும் பலகைக்கு ஒளிர்குடா போதும்.