கண் செருகும் நேரத்தில் தலைக்குள் கேட்கும் வெடிச்சத்தம்

58 வயது ஆசிரியை ஒருவர், உடன் வந்த மகளை வெளியே அமரச் சொல்லிவிட்டு என்னிடம் தாழ்ந்த குரலில் பேசத் தொடங்கினார். கண் செருகும் நேரத்தில் தெருமுனை டிரான்ஸ்ஃபார்மர் வெடித்தாற்போல ஒரு பெருஞ்சத்தம் கேட்டதாகவும், பதறி எழுந்து பார்த்தால் மின்விசிறி எப்போதும்போலச் சுற்றிக்கொண்டிருந்ததாகவும், பக்கத்தில் படுத்திருந்த கணவர் புரண்டுகூடப் படுக்கவில்லை என்றும் சொன்னார். அந்த மாதத்தில் அது நான்காவது முறை. மூளையில் கட்டியாக இருக்குமோ, புத்தி பேதலிக்கத் தொடங்கிவிட்டதோ என்ற அச்சத்தில் படுக்கவே தயங்கி, கூடத்தில் தொலைக்காட்சியைப் போட்டுவிட்டு உட்கார்ந்தபடியே பல இரவுகளைக் கழித்திருக்கிறார். நான் கேட்ட முதல் கேள்வி, "அப்போது வலித்ததா அம்மா?" என்பதுதான். சற்று யோசித்துவிட்டு, "வலி ஒன்றும் இல்லை டாக்டர், பயம்தான்" என்றார்.

அந்தப் பதிலிலேயே நோயறிதலின் பெரும்பகுதி அடங்கிவிட்டது. மருத்துவத்தில் இதற்கு 'எக்ஸ்ப்ளோடிங் ஹெட் சிண்ட்ரோம்', அதாவது தலைவெடிப்பு நோய்க்குறி என்று பெயர். ஆபத்தில்லாத ஒன்றுக்கு இவ்வளவு அச்சமூட்டும் பெயரை வைத்திருக்க வேண்டாம் என்பது என் நீண்டநாள் மனக்குறை. அதனால் மருந்துச்சீட்டில் அந்தப் பெயரை எழுதுவதற்கு முன்பே, தலைக்குள் எதுவும் வெடிக்கவில்லை என்று சொல்லிவிடுகிறேன். அமெரிக்க மருத்துவர் சைலஸ் வியர் மிட்செல் 1876-லேயே இத்தகைய அனுபவங்களைப் பதிவுசெய்தார். 1920-இல் பிரிட்டிஷ் மனநல மருத்துவர் ஆம்ஸ்ட்ராங்-ஜோன்ஸ் இதனை 'மூளை சொடுக்குதல்' என்று வர்ணித்தார். இன்றைய பெயர் 1988-இல் இங்கிலாந்து நரம்பியல் மருத்துவர் பியர்ஸ் எழுதிய குறிப்பின் வழியாகப் பரவியது. மறு ஆண்டே அவர் 50 நோயாளிகளின் விவரங்களைத் தொகுத்து வெளியிட்டார். துப்பாக்கி வெடித்தது போல, கதவு அறைந்து சாத்தியது போல, இடி விழுந்தது போல என்று சத்தத்தை ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொல்வார்கள். சிலருக்கு அதனோடு மின்னல் வெட்டியது போன்ற ஒளியும் தெரியும். நொடிப்பொழுதில் அது முடிந்துவிட, நெஞ்சுப் படபடப்பும் வியர்வையும் மட்டும் சிறிது நேரம் எஞ்சியிருக்கும்.

விளக்கை அணைப்பது போல மூளை ஒரே கணத்தில் உறங்கிவிடுவதில்லை. மூளையின் அடிப்பகுதியான மூளைத்தண்டில் உள்ள நரம்பு வலைப்பின்னல்தான் அசைவு, பார்வை, கேட்டல் ஆகியவற்றுக்கான பகுதிகளைப் படிப்படியாக அடங்கச் செய்கிறது. அந்த ஒழுங்கில் ஒரு தடங்கல் ஏற்பட்டு, அடங்க வேண்டிய கேட்டலுக்கான நரம்பணுக்கள் ஒருசேரக் கிளர்ச்சியடைவதால்தான் வெளியில் இல்லாத சத்தம் உள்ளே கேட்கிறது என்பது இப்போது பெரிதும் ஏற்கப்படும் கருதுகோள். படியில் கால் தவறியது போல உடல் தூக்கிப்போடும் உணர்வை அறியாதவர் நம்மில் குறைவு. உறக்கத்தின் வாசலில் நிகழ்வது என்ற வகையில் இச்சத்தமும் அதற்கு உறவுதான். தூக்கம் கெட்ட நாட்களிலும் மன அழுத்தம் மிகுந்த காலத்திலும் இரண்டுமே கூடும். அந்த ஆசிரியைக்கு நான் மாத்திரை எதுவும் தரவில்லை. காரணத்தைப் படம் வரைந்து விளக்கிய பிறகு, சத்தம் கேட்டாலும் எழுந்து உட்காராமல் படுத்திருக்கப் பழகிக்கொண்டார்.

இதனோடு குழப்பிக்கொள்ளப்படும் இன்னொரு உணர்வைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். தலைக்குள் ஷாக் அடித்தாற்போலச் சுரீரென்று ஓடுகிறது, கண்ணைப் பக்கவாட்டில் திருப்பினால் அது அதிகமாகிறது, தூங்கப் போகும்போது தொல்லை தருகிறது என்று வருபவர்களிடம், அண்மையில் ஏதேனும் மாத்திரையை நிறுத்தினீர்களா என்று கேட்பேன். பராக்ஸெடின், வென்லாஃபாக்ஸின் போன்ற மனச்சோர்வு மருந்துகளைத் திடீரென நிறுத்தினால், பெரும்பாலும் சில நாட்களுக்குள் இவ்வாறு தோன்றும். வீட்டுக்கு வந்த உறவினர் கண்ணில் மாத்திரை அட்டை பட்டுவிட்டது என்பதற்காக ஒரே நாளில் நிறுத்திய இளைஞர்களையும், திருமணம் நிச்சயமானதும் எவருக்கும் தெரியாமல் நிறுத்திய பெண்களையும் பார்த்திருக்கிறேன். மூளைக்குச் சேதம் விளைந்துவிட்டதாக அவர்கள் அஞ்சுகிறார்கள். அப்படியல்ல, மருந்துக்குப் பழகிய நரம்புகள் அது இல்லாத நிலைக்கு இன்னும் பழகவில்லை. மருந்தை நிறுத்த விரும்புவதில் தவறில்லை. ஆனால் அதை எழுதிக்கொடுத்த மருத்துவரிடம் சொல்லி, வாரக்கணக்கில், தேவைப்பட்டால் மாதக்கணக்கில், அளவைச் சிறிது சிறிதாகக் குறைத்தே நிறுத்த வேண்டும்.

விழிப்பு வந்தும் கைகால் அசையாமல், நெஞ்சில் யாரோ ஏறி அமர்ந்தது போலத் தோன்றும் 'அமுக்குவான் பேய்', கனவு நிலைக்குரிய தசைத் தளர்ச்சி விழித்த பின்னும் சில நொடிகளோ நிமிடங்களோ நீடிப்பதால் வருவது. அது தானே விலகிவிடும். மந்திரிப்பதற்காகச் செலவிட வேண்டியதில்லை.

வலி இருந்தால் கதை வேறு. 50 வயதைக் கடந்தவர்களை இரவில் ஏறக்குறைய ஒரே மணிக்கு எழுப்பிவிட்டு, 15 நிமிடம் முதல் 4 மணி நேரம் வரை நீடிக்கும் உறக்கத் தலைவலி ஒன்று உண்டு. அது தீங்கற்றது, பலருக்கு ஒரு குவளை காப்பியிலேயே தணியும். ஆனால் அதற்கு அந்தப் பெயரைச் சூட்டுமுன் ஸ்கேன் எடுத்துப் பிற காரணங்களை விலக்கிவிட வேண்டும். வாழ்நாளில் அறியாத கடும் வலி ஒரு நிமிடத்துக்குள் உச்சத்தைத் தொட்டால், அதுவும் வாந்தியோ, கழுத்து விறைப்போ, நினைவு தடுமாற்றமோ சேர்ந்தால், மூளை உறைக்கடியில் இரத்தக்கசிவு இருக்கக்கூடும். விடியட்டும் என்று காத்திராமல் 108-ஐ அழைக்க வேண்டும். அதிகாலைத் தலைவலியோடு வாந்தியும் பார்வை மங்கலும், உறக்கத்தில் நாக்கைக் கடித்துக்கொள்வது, படுக்கையில் சிறுநீர் கழிவது, பலத்த குறட்டையோடு காலையில் தலைபாரம் ஆகியவையும் மருத்துவரிடம் காட்ட வேண்டிய அறிகுறிகளே.

வரும்போது, அந்த உணர்வு உறங்கப்போகையில் வந்ததா, விழிக்கையில் வந்ததா, எத்தனை மணிக்கு, வலித்ததா என்பதை ஒரு தாளில் குறித்துக்கொண்டு வாருங்கள். சாப்பிடும் மாத்திரைகளின் அட்டைகளையும், அண்மையில் நிறுத்தியவற்றின் அட்டைகளையும் கொண்டுவாருங்கள். முடிந்தால் அதே அறையில் உறங்குபவரையும் அழைத்து வாருங்கள். நீங்கள் உறங்கும்போது நடப்பதை அவர்தான் சொல்ல முடியும்.