சூப்ரெட் என்பவர் கவர்ச்சி நடிகை அல்ல

'இத்தாலியக் கவர்ச்சி நடிகை டேலியா ஸ்காலா.' இந்தத் தொடரை மூன்றாவது முறையாகப் படித்துவிட்டேன். இத்தாலியர்கள் அவரைச் சொல்லும் சொல் சூப்ரெட். அதைத்தான் இப்படித் தமிழாக்குகிறார்கள்.

சொல் பிரெஞ்சு. அதற்கு முன்னால் தென்பிரான்சின் புரோவான்சு வட்டார மொழியில் 'பசப்புக்காரி' என்ற பொருள். பிரெஞ்சு நாடகத்தில் வாய்த்துடுக்கான பணிப்பெண் வேடத்துக்குப் பெயரானது. மேற்கத்தியப் பாட்டு நாடகமான ஆப்பராவில், மோட்சார்ட் இசையமைத்த சூசன்னா, டெஸ்பினா என்ற பணிப்பெண் பாத்திரங்கள் இந்த வகை. இத்தாலியின் பல்சுவை மேடைக்கு வந்ததும் பணிப்பெண் காணாமல் போனாள். ஆடி, பாடி, சிரிக்கவைத்து நிகழ்ச்சியையே தாங்கும் நாயகிதான் அங்கே சூப்ரெட்.

டேலியா ஸ்காலா 1929-ல் பிறந்தவர். இயற்பெயர் ஒடெட் பெடோஞ்ஞி. மிலானின் லா ஸ்காலா அரங்கின் பாலே பள்ளியில் கற்றவர். பெயரில் உள்ள ஸ்காலா அதுதான். ரோமில் ஒரே ஒரு தட்டச்சர் வேலைக்காகப் பெண்கள் திரண்டு நின்ற மாடிப்படி இடிந்து விழுந்த உண்மைச் சம்பவத்தை ஜுசெப்பே டி சாந்திஸ் 1952-ல் படமாக்கினார். அதில் இவர் நடித்தார். 1959-ல் 'கன்சோனிஸ்ஸிமா' தொலைக்காட்சி நிகழ்ச்சியை நினோ மன்ஃப்ரெடி, பாவோலோ பனெல்லி இருவரோடும் சேர்ந்து நடத்தினார். 1961-ல் பாடகர் தொமெனிகோ மொதுன்யோவோடு இசைநாடக மேடை.

இவரையா கவர்ச்சி நடிகை என்பது? தமிழில் அந்தச் சொல்லைக் கேட்டதும் நமக்கு என்ன தோன்றும்? ஒரு பாட்டுக்கு வந்து ஆடிவிட்டுப் போகிறவர். கதையில் இடமில்லை, பேச வசனமில்லை. சூப்ரெட் இல்லாவிட்டாலோ நிகழ்ச்சியே கிடையாது. கவர்ச்சி நல்ல சொல்தான், கவர் என்ற வினையில் பிறந்தது. நம் சினிமாப் பத்திரிகைகள் அதை ஒரே பொருளில் அடைத்துவிட்டன. அந்தப் பொருளைத் தூக்கி, பாலே பழகிய கால்களின் மேல் வைப்பது அநியாயம். 'துணை நடிகை' என்றும் ஓரிடத்தில் பார்த்தேன். அகராதியின் முதல் வரியோடு நிறுத்திக்கொண்டால் இப்படித்தான் ஆகும். ஆப்பராவில் சரியாக இருப்பது தொலைக்காட்சியில் தலைகீழாகிவிடுகிறது.

தனித்தமிழ் அன்பர் ஒருவர் 'விறலி' என்றார். உள்ளத்து உணர்வு மெய்யில் தெரிய ஆடிப் பாடுகிறவள். பொருள் நெருங்கித்தான் வருகிறது, எனக்கும் ஆசைதான். ஆனால் விறலி என்றதும் பாணரும் யாழும் வள்ளலைத் தேடிப் போகும் காட்டுவழியும் கூடவே வந்துவிடும். கேமரா முன்னால் நிற்கும் பெண் கண்ணில் படமாட்டாள்.

மொழித் தூய்மையைக் கட்டளையிட்டால் என்ன ஆகும் என்பதை இத்தாலியே பார்த்திருக்கிறது. இறகுக் கிரீடத்தோடு நீண்ட படிக்கட்டில் இறங்கிவந்து ரசிகர்களுக்கு ரோஜா வீசிய வாண்டா ஒசிரிஸ் என்ற புகழ்பெற்ற சூப்ரெட்டின் பெயரில் அயல்வாடை அடிக்கிறதென்று பாசிச ஆட்சியில் கடைசி மெய்யெழுத்தை வெட்டி 'ஒசிரி' ஆக்கினார்கள். போருக்குப் பின் அவர் ஒசிரிஸாகவே திரும்பினார்.

நான் எழுதுவது 'பல்சுவை நாயகி'. பல்சுவை நிகழ்ச்சி என்பது நம் வானொலியும் கோயில் திருவிழா நோட்டீசும் ஏற்கெனவே பழக்கிவைத்த சொல். நாயகி என்றால் நடுவில் நிற்கிறவர் என்பதும் விளங்கிவிடும்.

இத்தாலியத் தொலைக்காட்சியில் 1988-ல் தொடங்கிய ஒரு நையாண்டிச் செய்தி நிகழ்ச்சியில் மேசைக்குச் செய்தி எழுதிய தாளைக் கொண்டுவந்த பெண்களை 'வெலீனா' என்றார்கள். மெல்லிய காகிதம் என்று பொருள். அவர்களைப் பல்சுவை நாயகி என்று எழுதவேண்டாம். அது வேறு வேலை, அதற்கு வேறு சொல் தேடவேண்டும்.