கூச்சப்படாமல் கேளுங்கள்: பெரிய கடையில் வைர நகை வாங்கும் முன்

நகைகளை மதிப்பிடுவது என் தொழில். நகை விற்பதில்லை. காப்பீட்டுக்காக, பாகப்பிரிவினைக்காக, சில நேரம் விற்பதற்காக, ஏற்கெனவே வாங்கிய நகையை மக்கள் என்னிடம் கொண்டு வருவார்கள். பணம் கைமாறிய பிறகு நான் சொல்கிற பல விஷயங்கள், வாங்கும் முன்பே அவர்களுக்குத் தெரிந்திருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். அதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

ஒன்றைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். சாதாரணக் கடையில் வாங்கியவர்கள் துருவித் துருவிக் கேட்டு வாங்கியிருப்பார்கள். கல் எத்தனை சென்ட் (நூறு சென்ட் ஒரு கேரட்), என்ன தரம், திருப்பிக் கொடுத்தால் எவ்வளவு கழிப்பார்கள், எல்லாம் விரல்நுனியில் இருக்கும். உலகறிந்த பெயருள்ள நிறுவனத்தில் பல மடங்கு விலை கொடுத்தவர்களிடம் கல்லின் நிறத் தரம் என்ன என்று கேட்டால், கடையின் பெயரைத்தான் சொல்வார்கள். தனியறை, கையுறை போட்ட விற்பனையாளர், மெல்லிய பேச்சு. இந்த இடத்தில் போய் இதையெல்லாம் கேட்டால் என்ன நினைப்பார்களோ என்று ஒரு கூச்சம். நல்ல நகைக்காரர் கேள்வியை விரும்புவார். அவரிடம் பதில் இருக்கும், பதிலுக்குச் சான்றும் இருக்கும். கேட்டதும் முகம் மாறுகிற இடத்தில் வாங்க வேண்டாம் என்பது என் கருத்து.

உயர்ரக நகையின் விலையில் மூன்று பங்கு உண்டு. ஒன்று கல், ஒன்று உலோகமும் வேலைப்பாடும், ஒன்று பெயர். பெயருக்குக் கொடுக்கும் பணம் வீண் என்று நான் சொல்லவில்லை. அந்த வடிவமைப்பு வேறெங்கும் கிடைக்காமல் இருக்கலாம், பல வருடம் கழித்துப் போனாலும் பழுது பார்த்துத் தருவார்கள், பழைய பதிவேட்டிலிருந்து உங்கள் நகையைத் தேடி எடுப்பார்கள். ஆனால் எந்தப் பங்குக்கு எவ்வளவு கொடுக்கிறோம் என்பது நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். வழி எளிது: அதே எடை, அதே தரம், அதே ஆய்வகச் சான்றிதழ் உள்ள தனிக் கல் ஒன்று வேறிடத்தில் என்ன விலை என்று முதலில் விசாரித்து வையுங்கள். மீதி எல்லாம் உலோகத்துக்கும் வேலைப்பாட்டுக்கும் பெயருக்கும் போகிற பணம். அந்த வித்தியாசத்தைப் பார்த்த பிறகும் மனம் ஒப்பினால், நிம்மதியாக வாங்கலாம்.

சரி, சான்றிதழுக்கு வருவோம். வைரத்தின் நிறத்தை டி முதல் இசட் வரை எழுத்துகளால் தரம் பிரிக்கிற முறையை 1953-இல் கொண்டுவந்தது ஜிஐஏ என்ற அமெரிக்க ரத்தினவியல் நிறுவனம். டி என்றால் நிறமே இல்லை. எழுத்து கீழே போகப் போக மஞ்சள் சாயல் கூடும். தெளிவுக்கு, கல்லின் குறைகளைப் பத்து மடங்கு பெரிதாக்கிப் பார்த்து, குறையே இல்லாத எஃப்எல் தொடங்கி ஐஎஃப், விவிஎஸ், விஎஸ், எஸ்ஐ என்று, குறை எளிதில் தெரிகிற ஐ வரை பிரிப்பார்கள். இன்று பெரும்பாலான ஆய்வகங்கள் இதே எழுத்துகளைத்தான் போடுகின்றன. ஆனால் எல்லா ஆய்வகமும் ஒரே கண்டிப்போடு தரம் போடுவதில்லை. நிறத்தில் ஓர் ஆய்வகத்தின் ஜி இன்னோர் ஆய்வகத்தில் ஐ ஆகலாம். எனவே 'ஜி விஎஸ்' என்று விற்பனையாளர் சொன்னால் அடுத்த கேள்வி, யார் போட்ட தரம் என்பதுதான்.

சில பெரிய நிறுவனங்கள் சொந்த ஆய்வகத்தில் தரம் பிரித்துச் சொந்தச் சான்றிதழ் தருகின்றன. அமெரிக்க நகை நிறுவனமான டிஃபனி அப்படிச் செய்கிறது. 2019 முதல், தனித்தனியாகப் பதிவு செய்த 0.18 கேரட்டும் அதற்கு மேலும் உள்ள தன் வைரங்கள் எந்தப் பகுதியில் தோண்டப்பட்டவை என்பதையும் வாங்குபவருக்குச் சொல்கிறது. இது நல்ல விஷயம். என்றாலும் பெரிய தொகை கொடுக்கும்போது, விற்பவர் அல்லாத ஒரு மூன்றாம் கை போட்ட தரமும் கூட இருப்பது நல்லது. அது இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால், வெளி ஆய்வகத்தில் சோதித்துத் தருவார்களா என்று கேளுங்கள்.

இங்கே பலருக்குத் தெரியாத ஒன்று உண்டு. ஜிஐஏ, பதிக்காத தனிக் கல்லுக்குத்தான் தரச் சான்று தருகிறது. மோதிரத்தில் பதித்த கல்லோடு ஒரு ஜிஐஏ சான்றிதழ் வருகிறது என்றால், பதிப்பதற்கு முன் வாங்கிய சான்றிதழ் அது. அந்தக் காகிதத்தில் இருக்கும் கல்தான் இந்த மோதிரத்தில் இருக்கிறதா? அதைச் சரிபார்க்காமல் வரக்கூடாது.

நான் எப்படிப் பார்க்கிறேன் என்று சொல்கிறேன். கல்லை ஆல்கஹாலில் துடைத்துவிட்டு, பத்து மடங்கு பெரிதாக்கிக் காட்டும் சிறு கண்ணாடியான லூப்பைக் கண்ணோடு ஒட்டிப் பிடித்து, மோதிரத்தைப் பக்கவாட்டில் திருப்புவேன். மேல் பகுதியும் கீழ்ப் பகுதியும் சந்திக்கிற விளிம்பைக் கர்டில் என்பார்கள். பல கற்களில் அந்த மெல்லிய விளிம்பில்தான் சான்றிதழ் எண்ணை லேசரால் பொறித்திருப்பார்கள். வெறும் கண்ணுக்குத் தெரியாது. சரியான கோணத்தில் வெளிச்சம் விழுந்தால் சாம்பல் நிறத்தில் மங்கலான எழுத்துகள் வரிசையாகத் தெரியும். சில நேரம் கல்லைப் பிடித்திருக்கும் பிராங் ஒன்று சரியாக எண்ணின் மேலேயே உட்கார்ந்திருக்கும்; முதல் சில இலக்கங்கள் மட்டும் வெளியே நிற்கும். அப்போது சான்றிதழில் வரைந்து காட்டியிருக்கும் குறைகளைக் கல்லுக்குள் தேடுவேன். கல்லின் மேல்தட்டான மேசைப் பட்டைக்குக் கீழே ஒரு ஊசிமுனைப் படிகம், ஓரத்தில் ஒரு சிறு இறகுக் கீறல் என்று வரைபடம் சொன்னால், கல்லிலும் அதே இடத்தில் அது இருந்தாக வேண்டும். இதை நீங்கள் கடையிலேயே கேட்டுப் பார்க்கலாம். லூப் கொடுங்கள், எண்ணைக் காட்டுங்கள் என்று சொன்னால் போதும். தங்களிடம் உள்ள நுண்ணோக்கியில் காட்டுவார்கள். அந்த எண்ணை ஆய்வகத்தின் தளத்தில் நீங்களே போட்டு, எடையும் மில்லிமீட்டர் அளவும் பொருந்துகிறதா என்று பாருங்கள். இயற்கை வைரத்தின் எண்ணைப் போலியாகப் பொறித்த ஆய்வக வைரங்கள் தரம் பிரிக்கும் கூடங்களுக்கே வந்து மாட்டியிருக்கின்றன. எண் இருந்தால் மட்டும் போதாது, அளவும் ஒத்துப்போக வேண்டும்.

நிறம், தெளிவு, எடை, பட்டை ஆகிய நான்கில் மக்கள் எடைக்குத்தான் அதிகம் கொடுக்கிறார்கள். என்னைக் கேட்டால் முதலிடம் பட்டைக்கு. வைரம் மின்னுவது பட்டை தீட்டியவர் கையால். கோணங்கள் சரியாக இருந்தால் மேலே விழுந்த ஒளி உள்ளே திரும்பி மேலேயே வரும். கீழ்ப் பகுதி அதிக ஆழமாகவோ அதிகத் தட்டையாகவோ இருந்தால் ஒளி அடியில் ஒழுகிப் போய்விடும். நன்றாகத் தீட்டிய ஒரு கேரட் வட்ட வைரம் ஏறக்குறைய 6.4 முதல் 6.5 மில்லிமீட்டர் அகலம் இருக்கும். எடையைக் காப்பாற்றுவதற்காக ஆழமாக விட்ட கல் அதே ஒரு கேரட்டில் அதைவிடச் சின்னதாகத் தெரியும். காசு கொடுத்த எடை அடிப்பக்கம் ஒளிந்திருக்கும். இன்னொன்று, ஒரு கேரட் என்ற முழு எண்ணைத் தொட்டதும் கேரட்டுக்கான விலையே ஏறிவிடும். 95 சென்ட் கல்லுக்கும் ஒரு கேரட்டுக்கும் விரலில் வித்தியாசம் சொல்ல முடியாது, விலையில் நிச்சயம் தெரியும்.

வட்ட வைரத்துக்கு ஜிஐஏ 2006 முதல் பட்டைத் தரமும் போடுகிறது. 'எக்ஸலன்ட்' இருக்கிறதா என்று பாருங்கள். முட்டை வடிவம், பேரிக்காய் வடிவம், படகு வடிவக் கற்களில் காகிதம் அவ்வளவு உதவாது. கல்லை மெதுவாக அசைத்துப் பாருங்கள். நடுவில் குறுக்கே ஒரு கறுப்பு நிழல் விழுந்து, எப்படித் திருப்பினாலும் போகாமல் நின்றால் வேறு கல் கேளுங்கள்.

அப்புறம் வெளிச்சம். கடையின் கூரையிலிருந்து விழும் புள்ளி விளக்குகளுக்குக் கீழே எந்தக் கல்லும் மின்னித் தள்ளும். லேசான மஞ்சள் சாயலும் அதில் மறைந்துபோகும். ஜன்னல் ஓரம் எடுத்துப் போங்கள், மேசைக்கு அடியில் நிழலில் பிடியுங்கள், சாதாரண அறை விளக்கில் பாருங்கள். நீங்கள் அதை அணிந்திருக்கப் போவது அந்த வெளிச்சத்தில்தான். நிறத்தில் கொஞ்சம் சேமிக்கவும் இடம் உண்டு. மஞ்சள் தங்கத்தில் பதிக்கப்போகும் கல்லுக்கு டி, ஈ என்று உச்சிக்குப் போக வேண்டியதில்லை. தங்கத்தின் நிறம் கல்லில் ஏறத்தான் செய்யும். எச் அல்லது ஐ அங்கே வெள்ளையாகவே தெரியும். தெளிவும் அப்படித்தான். வெறும் கண்ணுக்குக் குறை தெரியாவிட்டால் போதும். விவிஎஸ்ஸுக்குக் கொடுக்கிற கூடுதல் பணம் லூப்புக்கு மட்டுமே தெரிகிற ஒன்றுக்கானது.

ஆய்வக வைரம் பற்றிக் கேட்காதவர் இல்லை. அது போலி அல்ல. அதே கார்பன், அதே கடினம், அதே மினுக்கு. அதிக அழுத்தத்திலும் வெப்பத்திலும் வளர்ப்பது ஒரு முறை, வாயுவிலிருந்து அடுக்கடுக்காகப் படியவைப்பது இன்னொரு முறை. லூப் வைத்துப் பார்த்து இது இயற்கை, இது ஆய்வகம் என்று என்னாலும் உறுதியாகச் சொல்ல முடியாது, கருவி வேண்டும். ஆனால் விலையில் பெரிய இடைவெளி இருக்கிறது, மறுவிற்பனையில் இன்னும் பெரிது. விரும்பி வாங்குவதில் தவறே இல்லை. இயற்கை விலை கொடுத்து ஆய்வகக் கல்லை வாங்குவதுதான் கொடுமை. பெரிய நடுக்கல்லில் இப்படி நடப்பது அரிது, அதற்குச் சான்றிதழ் இருக்கும். நான் கவலைப்படுவது சுற்றிலும் பதிக்கும் பொடிக் கற்களைப் பற்றி. அவற்றுக்குத் தனிச் சான்றிதழ் கிடையாது, பொட்டலம் பொட்டலமாக வாங்குவார்கள், இயற்கைக் கற்களோடு ஆய்வகக் கற்கள் கலந்து வருவது தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த பிரச்சினை. பொடிக் கற்களைக் கருவியில் சோதித்துத்தான் பதிக்கிறீர்களா என்று கேளுங்கள். உயர்ரக நிறுவனம் என்ற பெயருக்கான பணத்தில் இந்தச் சோதனையும் அடங்கியிருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பது நியாயம்.

அதேபோல 'மொத்தம் இரண்டு கேரட்' என்ற சொல்லில் கவனம் வேண்டும். இரண்டு கேரட் ஒற்றைக் கல்லும், நாற்பது சிறு கற்கள் சேர்ந்த இரண்டு கேரட்டும் விலையில் எட்டாத தூரம். நடுக்கல் எடை தனியாக, சுற்றுக் கற்கள் தனியாக எழுதி வாங்குங்கள்.

வேலைப்பாட்டைப் பார்க்க நகையைத் திருப்பிப் பிடியுங்கள். முன்பக்கத்தை எல்லோரும் மெருகேற்றுவார்கள். பின்பக்கத்தில், ஒவ்வொரு கல்லுக்கும் பின்னால் ஒரே அளவில் சுத்தமாகத் திறந்த துளைகள் இருக்கின்றனவா, அவற்றின் உட்சுவரும் மெருகேறியிருக்கிறதா, இணைப்பில் பற்றுவைத்த தடம் துருத்துகிறதா என்று பாருங்கள். ஒரு பட்டு நூலையோ மெல்லிய துணியையோ பிராங்குகள் மேல் இழுத்தால் சிக்கக் கூடாது. சிக்கினால் அந்த முனை கல்லோடு படியவில்லை. வைரம் கடினமானது, ஆனால் குறிப்பிட்ட திசைகளில் அடிபட்டால் பிளந்துவிடும். கூர்முனை உள்ள கற்களுக்கு அந்த முனையை மூடிப் பிடிக்கிற கட்டு அவசியம். சுற்று முழுக்கக் கல் பதித்த மோதிரத்தைப் பின்னால் பெரிதாக்கவோ சிறிதாக்கவோ பெரும்பாலும் முடியாது. விரல் அளவை நாளின் வேறு வேறு நேரங்களில் எடுத்துப் பாருங்கள். வெயிலில் விரல் வீங்கும், குளிரில் சுருங்கும்.

பில்லைப் பற்றி அழுத்திச் சொல்கிறேன். வாயால் சொன்ன எதுவும் என் மேசையில் உதவாது. இயற்கையா ஆய்வகமா, நடுக்கல்லின் எடை, நிறம், தெளிவு, சான்றிதழ் எண், சுற்றுக் கற்களின் எண்ணிக்கையும் மொத்த எடையும், உலோகம் 18 கேரட் தங்கமா 950 பிளாட்டினமா, இவை அத்தனையும் பில்லில் வர வேண்டும். கல்லுக்கு ஏதாவது பக்குவம் செய்திருக்கிறதா என்பதும் வர வேண்டும். விரிசலில் கண்ணாடி போன்ற பொருளை நிரப்பிய கற்கள் பார்க்கத் தெளிவாக இருக்கும். பின்னாளில் மோதிரத்தைப் பழுது பார்க்கும்போது நெருப்புச் சூடு பட்டால் நிரப்பியது கெட்டு விரிசல் வெளியே தெரியும். பில்லில் 'வைர மோதிரம் ஒன்று' என்று ஒரே வரி மட்டும் இருந்தால், விரிவாக எழுதித் தரச் சொல்லுங்கள். எழுதித் தரும் வரை கார்டை நீட்ட வேண்டாம்.

சிலர் கடை தந்த மதிப்பீட்டுக் கடிதத்தைக் கொண்டு வந்து, அதில் உள்ள தொகைக்கு விற்றுத் தரச் சொல்வார்கள். அதை அவர்களுக்கு விளக்குவது எனக்கு எப்போதுமே கஷ்டமான நேரம். காப்பீட்டு மதிப்பு என்பது நகை தொலைந்தால் அதே போன்ற ஒன்றைக் கடையில் புதிதாக வாங்க ஆகும் தொகை. விற்கப் போனால் வாங்குபவர் உலோகத்தை எடை போடுவார், கல்லுக்கு மொத்த வியாபார விலையைப் பார்ப்பார், அதிலும் தன் லாபத்தைக் கழிப்பார். சில புகழ்பெற்ற நிறுவனங்களின் முத்திரை உள்ள பழைய நகைகளுக்கு ஏலத்தில் பெயருக்காகவே கூடுதல் விலை கிடைப்பது உண்மை. அதற்கும் முத்திரை அழியாமல் இருக்க வேண்டும், மூலப் பில், சான்றிதழ், பெட்டி இருந்தால் உதவும். ஆகவே காகிதங்களை நகையோடு ஒரே பெட்டியில் வைக்காமல் தனியாகப் பத்திரப்படுத்துங்கள், படமெடுத்தும் வையுங்கள். திருடு போனால் இரண்டும் சேர்ந்து போகாது.