வேப்புக்கு மருத்துவர் சீட்டு செல்லாது

திருச்சியில் நுரையீரல் மருத்துவராக இருப்பவருக்கு வெளிநாட்டுப் பயணிகள் புதியவர்கள் அல்லர். சிங்கப்பூர், கோலாலம்பூர், துபாய் என்று இங்கிருந்தே நேரடி விமானங்கள் இருப்பதால், புறப்படுவதற்கு முன் இன்ஹேலர் வாங்கிக்கொள்ளவும், மருந்துகளுக்குச் சீட்டு எழுதி வாங்கவும் வருபவர்கள் எப்போதும் உண்டு. சில ஆண்டுகளாக இந்த வரிசையில் வேப் எனப்படும் மின்சிகரெட்டைப் பற்றிய இன்னொரு கோரிக்கையும் சேர்ந்திருக்கிறது. "சிகரெட்டை விடுவதற்காகத்தான் வேப் இழுக்கிறேன் டாக்டர். அதை ஒரு சீட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தீர்கள் என்றால் ஏர்போர்ட்டில் காட்டிக்கொள்வேன்" என்பார்கள். கேட்பவர்கள் பெரும்பாலும் இருபதுகளில் இருப்பவர்கள். கூட வந்த அம்மாவை வெளியே உட்காரவைத்துவிட்டுத்தான் பேச்சை எடுப்பார்கள்.

நான் எழுதிக் கொடுப்பதில்லை. பிடிவாதம் ஒன்றும் இல்லை. அந்தச் சீட்டால் ஒரு பயனும் கிடையாது, அவ்வளவுதான். பயணிக்கு மருத்துவக் காரணம் இருக்கிறது என்பதற்காக மின்சிகரெட்டைச் சிங்கப்பூர் உள்ளே விடுவதில்லை. சொல்லப்போனால், பிடிபடும் நேரத்தில் அந்தச் சீட்டு உங்களுக்கு எதிராகவே பேசும். பையில் என்ன இருந்தது என்று எனக்குத் தெரியாது என்று சொல்லும் வழியையும் அடைத்துவிடும்.

"அங்கே போய் இழுக்க மாட்டேன், சும்மா பையில் இருக்கட்டும்" என்பது அடுத்த சமாதானம். இந்த இடத்தில்தான் பலர் தடுக்கி விழுகிறார்கள். நம் ஊரில் புகைத்தடை என்றால் பொது இடத்தில் புகைக்கக் கூடாது என்பதாகவே மனத்தில் பதிந்திருக்கிறது. மின்சிகரெட்டைத் தடை செய்த நாடுகள் பலவற்றில் சட்டம் புகையைத் தேடுவதில்லை, பொருளைத் தேடுகிறது. சிங்கப்பூரில் 2018 பிப்ரவரி 1 முதல் மின்சிகரெட்டை வாங்குவதும் பயன்படுத்துவதும் மட்டுமல்ல, கையில் வைத்திருப்பதே குற்றம். அதிகபட்ச அபராதம் 2,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) என்று அன்றைக்கு நிர்ணயித்தார்கள். நிகோட்டின் இல்லாத வெறும் வாசனை வேப் என்று வாதிட்டாலும் எடுபடாது. கருவியின் உதிரிப் பாகங்களும் சட்டத்துக்குள் வருகின்றன. தீர்ந்துபோன பாட் (வேப்பில் செருகும் திரவக் குப்பி) ஒன்று ஜீன்ஸ் பைக்குள் மறந்து கிடந்தாலும் கணக்கு ஒன்றுதான்.

2025இல் நிலைமை இன்னும் இறுகிவிட்டது. அந்த ஆண்டு ஆகஸ்டில் தேசிய தினப் பேரணி உரையில் பிரதமர் லாரன்ஸ் வோங், மின்சிகரெட்டை இனிப் போதைப்பொருள் பிரச்சினையாகவே அரசு கையாளும் என்று அறிவித்தார். காரணம் 'கேபாட்'. எட்டோமிடேட் என்ற மயக்க மருந்து கலந்த பாட்களுக்கு அங்கே வழங்கும் பெயர் அது. பறிமுதல் செய்த வேப்களில் நூற்றுக்கும் மேற்பட்டவற்றைச் சோதித்தபோது மூன்றில் ஒன்றில் எட்டோமிடேட் இருந்ததாக அந்நாட்டுச் சுகாதார அமைச்சு ஜூலையில் சொல்லியிருந்தது.

எட்டோமிடேட் எங்களுக்கு நன்றாகத் தெரிந்த மருந்து. ரத்த அழுத்தம் சரிந்து கிடக்கும் நோயாளிக்கு மூச்சுக்குழாய்க்குள் குழாய் செலுத்த வேண்டிய அவசரத்தில், நரம்பு வழியாகக் கொடுக்கிறோம். ஒரு நிமிடத்துக்குள் நினைவு தப்பிவிடும். சில நிமிடங்களில் திரும்பும். பக்கத்தில் ஆக்சிஜன், மானிட்டர், குழாய் போடத் தெரிந்த கை எல்லாம் தயாராக இருந்தால்தான் அதைத் தொடுவோம். அப்படியும் ஓர் ஆபத்து உண்டு. உடல் நெருக்கடியைத் தாங்குவதற்கு அட்ரினல் சுரப்பி தரும் கார்ட்டிசால் ஹார்மோனை இந்த மருந்து அடக்கிவிடும். கைகால்கள் தாமாக வெட்டி இழுக்கும். அறுவை அரங்கில் கிலோவுக்கு இத்தனை மில்லிகிராம் என்று அளந்து ஏற்றுகிற ஒன்றை, யாரோ எங்கோ கலந்து மாம்பழ வாசனையுடன் விற்கிறார்கள். அளவு யாருக்கும் தெரியாது. விற்றவனுக்கே தெரியாது. தள்ளாடியபடி தெருவில் நிற்கும் இளைஞர்களின் காணொளிகளைப் பார்த்துவிட்டுச் சிரித்தவர்கள் உண்டு. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

2025 செப்டம்பர் 1 முதல் எட்டோமிடேட்டை அங்கே சி வகைப் போதைப்பொருளாக வகைப்படுத்தினார்கள். அதே நாளில் நடைமுறைக்கு வந்த ஏற்பாட்டின்படி சாதாரண வேப்புடன் முதன்முறை பிடிபடும் பெரியவருக்கு 700 வெள்ளி, பதினெட்டு வயதுக்கு உட்பட்டவருக்கு 500 வெள்ளி அபராதம் என்று வைத்தார்கள். மீண்டும் சிக்கினால் மறுவாழ்வுத் திட்டம், பிறகு நீதிமன்றம் என்று ஏறிக்கொண்டே போகும் ஏற்பாடு அது. எழுநூறு வெள்ளிதானே, கட்டிவிடலாம் என்று உள்ளூர்வாசி நினைக்கலாம். வேலை அனுமதியிலோ மாணவர் அனுமதியிலோ போகிறவருக்குக் கணக்கே வேறு. அனுமதி ரத்து, நாடுகடத்தல், மறுபடி நுழையத் தடை வரைக்கும் போகும் விஷயம் இது. ஏஜென்ட்டுக்குக் கட்டிய பணம், அதற்காக அடகுவைத்த நகை எல்லாவற்றையும் சேர்த்துத்தான் அபராதத்தைக் கணக்கிட வேண்டும். இந்தச் சட்டங்கள் அடிக்கடி மாறுகின்றன, மாறும்போதெல்லாம் கடுமையாகின்றன. டிக்கெட் போடும் வாரத்தில் சிங்கப்பூர் சுகாதார அறிவியல் ஆணையத்தின் இணையப் பக்கத்தை ஒரு முறை பார்த்துவிடுவது நல்லது. போன வருடம் போய்வந்த நண்பர் சொல்வது போன வருடத்துச் சட்டம்.

இதைவிடப் பெரிய கவலை எனக்குக் குருவிகளைப் பற்றியது. திருச்சி விமான நிலையத்தை அறிந்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை: அடுத்தவர் பொருளைக் கூலிக்குக் கொண்டுபோய்க் கொடுப்பவர்கள். கூலியே வாங்காமல், தெரிந்தவர் மகனுக்கு ஒரு சின்னப் பொட்டலம் என்று வாங்கிக்கொள்பவர்களும் இருக்கிறார்கள். அந்தப் பொட்டலத்தில் வேப் இருந்தால் அது வைத்திருந்த குற்றத்தோடு நிற்காது, இறக்குமதியாகிவிடும். 2025இல் இருந்த சட்டப்படி அதற்கு முதன்முறைக்கே 10,000 வெள்ளி வரை அபராதம், ஆறு மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். எட்டோமிடேட் கலந்ததை இறக்குமதி செய்தால் அப்போதைய விதிப்படி மூன்று முதல் 20 ஆண்டு வரை சிறை, ஐந்து முதல் 15 பிரம்படி. பிரம்படி என்றதும் நம் பள்ளிக்கூட ஞாபகம் வரக்கூடும். அது அப்படிப்பட்ட பிரம்படி அல்ல. ஒட்டியிருக்கும் எந்தப் பொட்டலத்தையும் பிரித்துப் பார்க்காமல் வாங்காதீர்கள். பிரிக்கக் கூடாது என்று கொடுப்பவர் சொன்னால் வாங்கவே வாங்காதீர்கள்.

"செக்யூரிட்டியில் பார்த்தார்கள், ஒன்றும் சொல்லவில்லையே" என்று வாதிடுபவர்கள் படித்தவர்களிலும் இருக்கிறார்கள். ஏறும் இடத்துச் சோதனை விமானத்தின் பாதுகாப்புக்காக நடப்பது. வேப்பில் இருக்கும் லித்தியம் பேட்டரிதான் அவர்கள் கவலை. சரக்கு அறையில் அது தானாகச் சூடேறித் தீப்பிடித்த சம்பவங்களுக்குப் பிறகு, சர்வதேசச் சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பு 2015இல் மின்சிகரெட்டைச் செக்-இன் பெட்டியில் வைக்கக் கூடாது, கைப்பையில் மட்டுமே எடுத்துச் செல்லலாம், பயணத்தின்போது சார்ஜ் செய்யக் கூடாது என்று விதித்தது. இந்த விதியைப் படித்துவிட்டுக் கைப்பையில் அனுமதி உண்டு என்று நிம்மதியடைகிறார்கள். அந்த அனுமதி விமானத்தின் கதவு வரைக்கும்தான். இறங்கும் நாட்டின் சுங்கத்துறைக்கும் அதற்கும் ஒரு தொடர்பும் இல்லை. விமானக் கழிப்பறையில் ஒரு இழுப்பு இழுத்துப் பார்ப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை: ஆவிதானே, புகை இல்லையே என்று அங்கிருக்கும் உணர்கருவி வித்தியாசம் பார்க்காது.

வழியில் இருக்கும் நாட்டையும் கணக்கில் எடுக்க வேண்டும். சென்னையிலிருந்து மெல்பர்ன் போகும் மாணவர் ஒருவர் செலவு குறைவு என்று சிங்கப்பூர் வழியாக டிக்கெட் எடுக்கிறார், இடையில் ஒரு பகல் ஊரைச் சுற்றிப் பார்க்கலாம் என்றும் திட்டமிடுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆஸ்திரேலியா 2024இல் வேப் இறக்குமதியை இறுக்கி, ஜூலையிலிருந்து மருந்துக் கடைக்கு வெளியே விற்பனையையே நிறுத்திவிட்டது. ஆனாலும் பயணி தன் சொந்தச் சிகிச்சைக்காக இரண்டு கருவிகள், 20 பாட்கள் அல்லது கார்ட்ரிட்ஜ்கள், 200 மில்லி திரவம் வரை கொண்டுவரலாம் என்று விதியில் இடம் வைத்திருக்கிறது. மெல்பர்னில் குற்றமாகாத அந்தப் பை, சிங்கப்பூரின் சாங்கி விமான நிலையத்தில் இறங்கி நாட்டுக்குள் நுழையும்போதே குற்றமாகிவிடும். கோலாலம்பூரில் கடையில் பகிரங்கமாக வாங்கிய வேப்பைப் பஸ்ஸில் எடுத்துக்கொண்டு சிங்கப்பூர் எல்லையிலுள்ள உட்லண்ட்ஸ் சோதனைச் சாவடிக்கு வருபவரின் கதையும் இதுவே. மலேசியாவுக்குள்ளேயே கிளந்தான், ஜொகூர் போன்ற மாநிலங்கள் வேப் விற்பனையைத் தடுத்திருக்கின்றன.

தாய்லாந்து விசித்திரமான இடம். 2022இல் கஞ்சாவைத் தடைப் பட்டியலிலிருந்து நீக்கித் தெருவுக்குத் தெரு கடை திறக்க விட்டார்கள். பிறகு 2025இல் மருத்துவர் சீட்டு வேண்டும் என்று பின்வாங்கினார்கள். வேப்போ 2014இலிருந்தே அங்கே இறக்குமதித் தடையில் இருக்கிறது. விற்பனைத் தடை அடுத்த ஆண்டு வந்தது. பாட்டாயா நடைபாதையில் பரப்பி வைத்து விற்பதைக் கண்ணால் பார்த்துவிட்டு வருபவர்கள் இதை நம்ப மறுக்கிறார்கள். விற்கிறார்கள் என்பது உண்மை, தடை இருக்கிறது என்பதும் உண்மை. வைத்திருந்தாலே சுங்கச் சட்டப்படி ஐந்து ஆண்டு வரை சிறைக்கு இடமிருக்கிறது. நடைமுறையில் சுற்றுலாப் பயணிக்கு நேர்வது பெரும்பாலும் தெருவோரப் பேரம். 2023 தொடக்கத்தில் பாங்காக்கில் ஒரு தைவான் நடிகையிடம் வேப் இருந்ததைச் சாக்காக வைத்துக் காவலர்கள் 27,000 பாத் (தாய்லாந்துப் பணம்) பறித்த விவகாரம் வெளியே வந்து, காவலர்கள் மீதே வழக்கு போட்டார்கள். நடிகைக்கு இருந்த ஊடக பலம் நம்மில் எத்தனை பேருக்கு இருக்கிறது?

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மாலத்தீவில் 2024 நவம்பர் 15 முதல் இறக்குமதிக்கும், டிசம்பர் 15 முதல் வைத்திருப்பதற்கும் பயன்படுத்துவதற்கும் தடை; சுற்றுலாப் பயணிக்கும் இது பொருந்தும். வியட்நாமில் 2025 ஜனவரியிலிருந்து தடை. ஹாங்காங் 2022 ஏப்ரல் 30 முதல் பயணியின் பையில்கூட வர விடுவதில்லை. கத்தாரிலும் தடை. துபாயில் 2019 முதல் விற்பனைக்கு அனுமதி உண்டு. நம் ஊர்ப் பிள்ளைகளில் பலர் அங்கேதான் பழகுகிறார்கள், அங்கேயே வாங்கி ஊருக்கும் எடுத்து வருகிறார்கள்.

ஊருக்கு எடுத்து வருவதும் குற்றம்தான் என்பதைச் சொல்லும்போது திகைக்கிறார்கள். இந்தியாவில் 2019 செப்டம்பரில் வந்த அவசரச் சட்டமும் தொடர்ந்து நாடாளுமன்றம் இயற்றிய சட்டமும் மின்சிகரெட்டின் உற்பத்தி, இறக்குமதி, ஏற்றுமதி, விற்பனை, சேமிப்பு, விளம்பரம் அனைத்தையும் தடுத்திருக்கின்றன. சேமிப்பு தவிர மற்றவற்றில் முதல் குற்றத்துக்கு ஓராண்டு வரை சிறை, ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். நிகோட்டின் இருக்கிறதா இல்லையா என்று இங்கும் பார்ப்பதில்லை. தமிழ்நாடு 2018லேயே தன் பங்குக்குத் தடை விதித்திருந்தது. இத்தனைக்கும் திருச்சியில் கல்லூரி மாணவனுக்கு எங்கே கிடைக்கிறது என்று என்னைக் கேட்காதீர்கள். அவனைக் கேட்டால் சொல்வான்.

எடுத்துப் போகக் கூடாது என்று தெரிந்தும் ஏன் எடுத்துப் போகிறார்கள்? துணிச்சலால் அல்ல. இல்லாமல் இருக்க முடியாது என்ற பயத்தால். பயன்படுத்தித் தூக்கி எறியும் வேப்கள் பலவற்றில் நிகோட்டின் உப்பு வடிவில், மில்லிக்கு 50 மில்லிகிராம் வரை இருக்கும். உப்பு வடிவம் தொண்டையைக் கீறாது, அதனால் இருமல் தடுக்காது, கையும் நிற்காது. காலையில் படுக்கையை விட்டு எழும் முன்பே கை அதைத் தேடினால் அடிமைத்தனம் முற்றிவிட்டது என்று அர்த்தம். நிறுத்திய சில மணி நேரத்தில் எரிச்சல், பதற்றம், தூக்கமின்மை தொடங்கும். இரண்டாம் மூன்றாம் நாளில் உச்சத்துக்குப் போகும். பிறகு மூன்று நான்கு வாரங்களில் தணியும். புது நாடு, புது முதலாளி, முதல் வேலைநாள் என்று எல்லாம் கூடிவரும் நாளில் அந்த உச்சம் வந்து விழுவதை யாரும் விரும்ப மாட்டார்கள். அதனால்தான் விசா வந்த உடனே வாருங்கள் என்கிறேன். விமானத்துக்கு முதல் நாள் வந்து நின்றால் என்னால் செய்யக்கூடியது குறைவு.

ஒரு மாத அவகாசம் இருந்தால் தோலில் ஒட்டும் நிகோட்டின் பட்டையில் தொடங்கி, அளவைப் படிப்படியாகக் குறைத்து, ஓரளவு நிதானத்துடன் அனுப்பிவைக்க முடியும். பட்டை மருந்து என்பதால், அதற்கு மருத்துவர் சீட்டு உண்மையிலேயே உதவும். சொந்த உபயோகத்துக்குத் தேவையான அளவை மட்டும் மூலப் பெட்டியோடு கொண்டுபோங்கள். நிகோட்டின் சூயிங்கம் வேண்டாம். சிங்கப்பூரில் சூயிங்கம் இறக்குமதிக்கே 1992 முதல் தடை இருக்கிறது. அங்கீகரித்த மருத்துவ வகைகளை மட்டும் 2004 முதல் மருந்தாளர் வழியாகத் தருகிறார்கள். இங்கே வாங்கிய பாக்கெட் அந்த வகையில் சேருமா என்று சுங்க வரிசையில் நின்று ஆராய வேண்டாம், தேவைப்பட்டால் அங்கேயே வாங்கிக்கொள்ளலாம். மருத்துவரைப் பார்க்கத் தயங்குபவர்கள் 1800-11-2356 என்ற தேசியப் புகையிலை விடுப்பு உதவி எண்ணை இலவசமாக அழைக்கலாம்.

இவ்வளவும் கேட்டுவிட்டுச் சாங்கியில் இறங்கிய பிறகுதான் பையில் ஒன்று இருப்பது நினைவுக்கு வருகிறது என்றால், சுங்கத்தில் அறிவிக்க ஒன்றும் இல்லாதவர்களுக்கான பச்சை வழியில் நழுவப் பார்க்காமல், அறிவிக்க இருப்பவர்களுக்கான சிவப்பு வழிக்குப் போய் ஒப்படைத்துவிடுங்கள். தாமாக முன்வந்து கொடுப்பவரைத் தண்டிப்பதில்லை என்று 2025இல் அறிவித்தார்கள்.

வேப் வேண்டாம் என்றதும் ஹான்ஸ் பொட்டலத்தைப் பையில் திணித்துக்கொள்பவர்கள் இருக்கிறார்கள். மெல்லும் புகையிலையும் சிங்கப்பூருக்குள் கொண்டுபோகத் தடை செய்யப்பட்ட பொருளே. சாதாரண சிகரெட்டுக்குத் தடை இல்லை, ஆனால் வரியில்லாமல் ஒரு சிகரெட்கூடக் கொண்டுபோக முடியாது. திறந்த பாக்கெட்டாக இருந்தாலும் சிவப்பு வழியில் காட்டி வரி கட்டிவிட்டு, ரசீதைப் பாக்கெட்டோடு வைத்திருங்கள். ஊருக்குள் அதிகாரிகள் நிறுத்திக் கேட்டால் அந்த ரசீதைத்தான் காட்ட வேண்டியிருக்கும்.